பாடை பரஞ்சோதி சிரிக்காத ஆறு வருஷம்

பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும் என்பது எங்கள் தொழிலில் யாரும் எழுதி வைக்காத சட்டம். பாடையில் படுத்தவரோ, தூக்கில் தொங்கியவரோ, மாலை போட்ட போட்டோவுக்கு முகம் கொடுத்தவரோ, யாராக இருந்தாலும் டைரக்டர் ஓகே சொன்ன கையோடு மூக்குப் பஞ்சை உருவிவிட்டு, எழுந்து உட்கார்ந்து, லென்ஸை நேருக்கு நேர் பார்த்துப் பல் தெரியச் சிரிக்க வேண்டும். அந்தச் சிரிப்பையும் நாலு விநாடி எடுத்த பிறகுதான் லைட்டை அடுத்த ஷாட்டுக்கு நகர்த்துவார்கள். அது எந்தப் படத்திலும் வராது, எடிட்டர் முதல் வேலையாக அதை வெட்டி எறிந்துவிடுவார், ஆனாலும் எடுக்காமல் விடமாட்டார்கள், விட்டால் நடித்த சாவு நடித்தவர்மேலேயே தங்கிவிடும் என்று பயம். எங்கள் தெருவில் குடியிருந்த பரஞ்சோதி முதல் இருபது வருஷத்தில் அறுபத்தோரு தடவை செத்து அறுபது தடவை சிரித்தார். விட்டுப்போன அந்த ஒரு சிரிப்பிலிருந்துதான் எல்லாம் ஆரம்பித்தது.

எங்கள் தெரு சாலிகிராமத்தில், மூடிப்போன ஒரு ஸ்டூடியோவின் பின்மதிலை ஒட்டி, ஒரு பக்கம் பதினெட்டு வீடும் மறுபக்கம் மதிலுமாக நீண்டு கிடக்கும் குயவன்குட்டைத் தெரு. லைட் தூக்குகிறவர், துணி தைக்கிறவர், கூட்டத்தில் நிற்கிறவர், கூட்டத்தில் அழுகிறவர், எட்டுப் படத்தில் உதவி இயக்குநராக இருந்துவிட்டு ஒன்பதாவது படத்துக்கும் உதவி இயக்குநராகவே போகிற என்னைப் போன்றவர் என்று, சினிமாவின் முதுகை மட்டுமே பார்த்த ஜனங்கள். பரஞ்சோதி சீர்காழிப் பக்கத்திலிருந்து கதாநாயகனாகிற எண்ணத்தோடு ரயில் ஏறி வந்தவர். நீண்ட தாடையும் உள்வாங்கிய கன்னமும் ஒன்றரை நிமிஷம் மூச்சை அடக்கி இமை அசையாமல் கிடக்கிற திறமையும் அவரைக் கதாநாயகனாக்கவில்லை, பிணமாக்கிவிட்டன.

அது பேய்க் காமெடிப் படங்கள் புற்றீசல் மாதிரிப் புறப்பட்டு வந்த காலம். ஒரு பங்களா, அங்கே தேனிலவுக்கு வந்த ஒரு ஜோடி, ஒட்டுத்தாடி மந்திரவாதி, வேட்டி நழுவ ஓடும் குண்டு மனிதர், நடுக்கூடத்தில் ஒரு பிணம், இவ்வளவுதான் கதை. ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டிப் பகலை இரவாக்கி, சாம்பிராணி போட்டு அறையைப் பனியாக்கி, பதினெட்டே நாளில் படத்தை முடித்துப் பூசணிக்காய் உடைத்துவிடுவார்கள். 'மோகினிக்கு முதுகுவலி', 'ஆவி புகுந்த அப்பளக் கம்பெனி', 'எதிர்வீட்டுப் பிரேதத்துக்கு ஏழரை' என்று அவர் படுத்த படங்களெல்லாம் திருத்தணியிலும் திண்டிவனத்திலும் ஒரு வாரம் ஓடின. டைட்டிலில் அவர் பெயர் 'பாடை' பரஞ்சோதி என்று வந்தது, அதைப் பற்றி அவர் வருத்தப்பட்டதில்லை.

அவருடைய புகழ்பெற்ற அயிட்டம் தும்மல். பாடையைச் சுற்றிப் பெண்கள் மாரடித்து அழுதுகொண்டிருக்கும்போது பிணத்தின் மூக்கு முதலில் லேசாகத் துடிக்கும், பிறகு சுருங்கும், பிறகு எல்லோரும் மறந்துபோன ஒரு நொடியில் பெரிய தும்மல் வந்து இரண்டு பஞ்சும் பறந்துபோய் அழுகிறவள் கன்னத்தில் ஒட்டும். முதன்முதலில் அந்தப் பஞ்சு ஒட்டியது திருவண்ணாமலைப் பக்கத்திலிருந்து ஒப்பாரிக் கூட்டத்துக்கு வந்திருந்த அம்சவேணியின் கன்னத்தில். அவள் அழ வேண்டிய இடத்தில் குலுங்கிக் குலுங்கிச் சிரித்து பன்னிரண்டு டேக்கைக் கெடுத்தாள், பதின்மூன்றாவது டேக்கில் அவரே சிரித்துவிட்டார், அந்த வருஷம் வைகாசியில் இருவருக்கும் கல்யாணம் ஆனது. குழந்தை இல்லை. அவர்கள் வீட்டிலிருந்து சாயங்காலம் தவறாமல் கேட்கும் சிரிப்பை வைத்து நாங்கள் உலை வைத்த காலம் உண்டு.

விட்டுப்போன சிரிப்புக்கு வருகிறேன். கடற்கரைச் சாலையில் ஒரு பங்களா. சரியாகப் பன்னிரண்டு இருபதுக்குக் கிளாப் அடித்து, பரஞ்சோதி பிணமாகி, ஷாட் ஓகே ஆன நிமிஷத்தில் வீட்டுக்காரர் காரில் வந்து இறங்கி, சாம்பிராணிப் புகையில் தன் சுவரெல்லாம் கறுத்துப்போனதைப் பார்த்துக் கத்து கத்தென்று கத்தி எங்கள் எல்லோரையும் வெளியே துரத்தினார். புரொடக்ஷன் மேனேஜர் சவரிமுத்து, தூத்துக்குடிக்காரர், முப்பது வருஷ அனுபவஸ்தர், லைட்டுகளை வண்டியில் ஏற்றுகிற அவசரத்தில் எல்லாவற்றையும் எண்ணி ஏற்றினார், சிரிப்பை மட்டும் மறந்துவிட்டார். வடபழனி சிக்னலில் வண்டி நின்றபோது நெற்றியில் அறைந்துகொண்டு, "ஐயோ பரஞ்சோதி, உன் சிரிப்ப எடுக்கலையேய்யா" என்றார்.

அதே பகலில் எங்கள் தெருவில் பழைய லைட்மேன் கோதண்டத்துக்குக் கடைசி மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது. டாக்டர் மதியம் தாண்டாது என்று சொல்லிவிட்டார், மகள் செல்வராணி உறவுக்கெல்லாம் சொல்லியனுப்பிவிட்டாள், மூங்கிலும் வைக்கோலும் தெருமுனையில் வந்து இறங்கிவிட்டன. பன்னிரண்டு இருபதுக்கு அந்த மனிதர் கண்ணைத் திறந்து, "காபி இருக்காம்மா?" என்று கேட்டார்.

நாலு நாள் அவர் காபியாகக் குடித்தார். அந்த நாலு நாளும் சவரிமுத்துவுக்குச் சோறு இறங்கவில்லை. வேறு பங்களா பிடித்ததும் முதல் வேலையாகப் பரஞ்சோதியைப் பாடையில் உட்காரவைத்து, கேமராவை ஓடவிட்டு, சிரிக்கச் சொன்னார். பரஞ்சோதி சிரித்தார். ஒன்பது நாற்பதுக்குச் சிரித்தார் என்று என் கன்டினியூட்டி நோட்டில் இருக்கிறது. ஒன்பது நாற்பதுக்குக் கோதண்டம் கையில் பாதி டம்ளர் காபியோடு போய்ச் சேர்ந்தார் என்று செல்வராணி சொன்னாள்.

எங்களுக்கு உலகம் தெரியாது, ஆனால் கன்டினியூட்டி தெரியும். எந்த ஷாட்டுக்குப் பின்னால் எந்த ஷாட் வரும் என்பதைப் பிடித்துக்கொள்ள எங்களுக்கு இரண்டு தடவை போதும். அடுத்த மாதம் டீக்கடை மீரானின் அம்மாவுக்கு மூச்சு வாங்கியபோது மீரான் ஷூட்டிங் ஸ்பாட்டுக்கே வந்து சவரிமுத்துவின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, "அண்ணே, எடுக்கறத எடுத்துக்கங்க, சிரிப்ப மட்டும் விட்டுடுங்க. அம்மா கெடக்கட்டும்ணே. கெடந்தாலும் அம்மாதானே?" என்றான். சவரிமுத்து சிலுவை போட்டுக்கொண்டு கேமராவை நிறுத்தினார். அந்த அம்மா கிடந்தார்கள்.

பிறகு ஒருவர் பின் ஒருவராக வந்தார்கள். வந்தவர் யாருக்கும் பரஞ்சோதி இல்லை என்று சொன்னதில்லை. ஒவ்வொரு சாவும் தோள்மேல் ஈரப் போர்வையைப் போட்ட மாதிரி வந்து உட்காருகிறது என்று அம்சவேணியிடம் மட்டும் சொன்னார். கேமராவுக்கு முன்னால் சிரிக்காமல் இருந்தால் போதும் என்றுதான் அப்போது நினைத்துக்கொண்டிருந்தோம். ஒரு நாள் காலை டீக்கடை வாசலில், வெயிலில் காயப் போட்டிருந்த மந்திரவாதியின் ஒட்டுத்தாடியை ஒரு நாய் கவ்விக்கொண்டு, அது தன் முகத்தில் மாட்டிக்கொண்டுவிட, தாடியோடு தெருவின் நீளத்துக்கும் ஓடியது. பரஞ்சோதி பெஞ்சில் உட்கார்ந்திருந்தவர் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். சிரித்து முடிப்பதற்குள் மூன்று வீட்டிலிருந்து அழுகை எழுந்தது. மீரான் பாய்லருக்குப் பின்னாலிருந்து வீட்டுக்கு ஓடினான். பரஞ்சோதி கையால் வாயைப் பொத்திக்கொண்டு எழுந்து போனார், அந்தக் கையை ஆறு வருஷம் எடுக்கவில்லை என்றே சொல்லலாம்.

அன்றிலிருந்து எங்கள் தெரு சிரிப்பை ஒழித்தது. மீரான் கடை டிவியில் காமெடி சேனல் நின்று செய்தி சேனல் ஓடியது, செய்தியிலும் சிரிக்க விஷயம் வருகிறது என்று தெரிந்ததும் டிவியையே கழற்றினான். சலூனில் பரஞ்சோதிக்குச் சவரம் செய்யும்போது பேசக் கூடாது. புதிதாகக் குடிவருகிறவர்களிடம் தண்ணீர் வரும் நேரத்தையும் குப்பை வண்டி வரும் நேரத்தையும் சொல்வதோடு, பரஞ்சோதியைச் சிரிக்கவைக்கக் கூடாது என்பதையும் சொல்லித்தான் சாவி கொடுத்தோம். அவர் தெருவில் இறங்கினால் வழுக்கி விழுந்தவன்கூட விழுந்த இடத்திலேயே முகத்தை இறுக்கிக்கொண்டு கிடப்பான். கல்யாண வீடுகளில் போட்டோக்காரரைத் தனியாகக் கூப்பிட்டு எச்சரித்து, அவரைப் பின்வரிசையில் தூண் மறைவில் நிறுத்தினோம். ஊரே விழுந்து விழுந்து சிரிக்கவைத்த மனிதர் எதிரே வந்தால் எல்லோரும் துஷ்டி வீட்டுக்கு வந்தவர்கள் மாதிரி நின்றோம், அதுதான் அவருக்கு நாங்கள் செய்த மரியாதை.

பேய்க் காமெடி மோகம் ஓய்ந்தது. கம்பெனிகள் அவரைக் கூப்பிடுவதை நிறுத்தின. எங்களுக்கு அவர் சாவது நிற்கக் கூடாது, அதனால் நாங்களே எடுத்தோம். செல்போனில் எடுத்துப் பார்த்தோம், பலிக்கவில்லை; கிளாப் அடிக்க வேண்டும், ஆக்ஷன் சொல்ல வேண்டும், பாடை பக்கத்தில் ஒருத்தி உட்கார்ந்து அழ வேண்டும், அப்போதுதான் பலித்தது. மூடிய ஸ்டூடியோவின் மதிலில் ஒரு ஆள் நுழைகிற அளவுக்கு ஓட்டை போட்டு, கல்யாண வீடியோ கேமராவை வைத்து, படம் படமாக எடுத்தோம், கதை கிடையாது, பெயர் கிடையாது, தியேட்டர் கிடையாது, ஒரு பாடையும் ஒரு பிணமும் பக்கத்தில் அழுகிற அம்சவேணியும் மட்டும். அவள் நிஜமாகவே அழுதாள். பரஞ்சோதி தும்மவில்லை.

சாவு தள்ளிப் போனதே தவிர நோவு தள்ளிப் போகவில்லை. அதை நான் மறைக்கக் கூடாது. படுத்தவர்கள் படுத்தபடி கிடந்தார்கள், பசி இல்லை, தூக்கம் இல்லை, முதுகு புண்ணாகித் தண்ணீர் மெத்தை வந்தது, தெருவுக்குள் நுழையும்போதே டெட்டால் வாசனை அடித்தது. அவர்கள் கண்கள் எங்களைப் பின்தொடர்ந்து வரும், நாங்கள் அந்தக் கண்களைப் பார்க்காமல் போர்வையைச் சரிசெய்துவிட்டு வெளியே வருவோம். அம்மா இருக்கிறாள், அப்பா இருக்கிறார் என்று சொல்லிக்கொள்வதில் ஒரு நிம்மதி இருந்தது. போதும் என்று சொல்ல எந்த வீட்டிலிருந்தும் யாரும் வரவில்லை.

ஆறாவது வருஷம் ஆடி மாதத்தில் அம்சவேணிக்கு வயிற்றில் கட்டி என்றார்கள். பெரிய ஆஸ்பத்திரியில் மூன்று வாரம் வைத்திருந்துவிட்டு, வீட்டுக்கு அழைத்துப்போய் வேண்டியதைக் கொடுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள். ஒரு செவ்வாய்க்கிழமை காலை அவளுக்கு நாடி விழுந்தது. பரஞ்சோதி செருப்புக்கூடப் போடாமல் மதில் ஓட்டைக்கு ஓடினார், நாங்கள் பின்னால் ஓடினோம், அவர் தானே பாடையில் ஏறிப் படுத்து, தானே பஞ்சை வைத்துக்கொண்டு, "சீக்கிரம்யா, சீக்கிரம்" என்றார். அம்சவேணியின் இடத்தில் செல்வராணி உட்கார்ந்து அழுதாள். கிளாப் அடித்தது நான்.

வீட்டுக்குத் திரும்பி வந்தபோது அம்சவேணி கண் திறந்து கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏங்க. இங்க வந்து உக்காருங்க" என்றாள். அவர் உட்கார்ந்தார். "யாரைக் கேட்டு எனக்காகப் போய்ப் படுத்தீங்க?"

"யாரைக் கேக்கணும்?"

"என்னைக் கேக்கணும்."

அவர் அவள் காலைப் பிடித்துவிட ஆரம்பித்தார். அவள் காலை இழுத்துக்கொண்டாள்.

"இந்த வலி எங்க போய் முடியும்னு பாத்துக்கிட்டே இருந்தேங்க. முடியற எடம் வந்துச்சு. கதவு மாதிரி தெரிஞ்சுது. யாரோ இழுத்துச் சாத்திட்டாங்க. நீங்கதான்னு அப்பவே தெரிஞ்சுபோச்சு."

"நீ இல்லாம நான் என்ன பண்ணுவேன் அம்சா?"

"நான் இருந்து என்ன பண்றீங்க? ஆறு வருஷமா என் மூஞ்சியப் பாத்தா எங்க சிரிப்பு வந்துருமோன்னு செவுத்தப் பாத்துச் சாப்புடுறீங்க. நானும் முந்தானைய வாயில அடைச்சிக்கிட்டுக் குடித்தனம் பண்ணினேன். தெருவுக்காகன்னு பொறுத்துக்கிட்டேன். இப்ப எனக்குன்னு வந்துட்ட பொறவு பொறுக்க முடியலீங்க. நீங்க புடிச்சு வச்சிருக்கறது என்னை இல்ல, என் வலிய."

"நான் சிரிச்சா நீ போயிருவ."

"அதத்தான் கேக்குறேன். உங்க சிரிப்பக் காதால கேட்டுட்டுப் போறேன்னு கேக்குறேன்."

பரஞ்சோதி அவள் போர்வையை இழுத்துச் சரிசெய்தார். பிறகு, ஒளிந்துகொள்ள ஒரு இடம் கிடைத்தவர் போல, "நீ மட்டுமா? உன்னோட இன்னும் எட்டுப் பேர் இருக்காங்க. அவங்க சாவையும் சேத்து நான் எப்படிச் சிரிப்பேன்?" என்றார்.

"அவங்கள நான் கேட்டுக்கிறேன்" என்றாள் அம்சவேணி.

மறுநாள் காலை அவளைப் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்து மீரானும் நானும் வீடு வீடாகத் தூக்கிக்கொண்டு போனோம். நாற்காலியில் ஆளே இல்லாத மாதிரி அவ்வளவு லேசாக இருந்தாள். முதல் வீட்டில், நாலு வருஷமாகப் படுத்திருந்த ஒரு டூப் நடிகர், ஒரு காலத்தில் மாடியிலிருந்து குதித்தவர், அவள் கேட்கவந்ததைக் கேட்டு முடிப்பதற்குள், "எப்போ?" என்றார். இரண்டாவது வீட்டிலும் "எப்போ?" என்றுதான் கேட்டார்கள். மூன்றாவது வீட்டில் பேச்சு போயிருந்தது, அந்த அம்மா அம்சவேணியின் கையை எடுத்துத் தன் கண்ணில் ஒற்றிக்கொண்டார். ஒவ்வொரு கட்டிலின் பக்கத்திலும் பிள்ளைகளும் மருமகள்களும் தலை குனிந்து நின்றார்கள். ஆறு வருஷமாக நாங்கள் டாக்டரைக் கேட்டோம், சவரிமுத்துவைக் கேட்டோம், பரஞ்சோதியை மன்றாடிக் கேட்டோம், படுத்திருந்தவர்களில் ஒருவரைக்கூட ஒரு நாளும் கேட்டதில்லை. அந்த வெட்கம் எனக்கு இன்னும் போகவில்லை.

எட்டாவது வீட்டில் மட்டும் வேறு பதில் வந்தது. காஸ்ட்யூம் ரெஜினா, எங்கள் பிணங்களுக்கெல்லாம் கோடித்துணி தைத்தவள், நெஞ்சுச் சளியில் ஒன்றரை வருஷமாகக் கிடந்தவள், "என் மவன் கப்பல்ல இருக்கான் அக்கா. தை மாசம்தான் எறங்குவான். அவன் மூஞ்சிய ஒரு தடவ பாத்துக்கிறேனே" என்று சொல்லிவிட்டு, அம்சவேணி வியர்த்து உட்கார்ந்திருப்பதைப் பார்த்து, "வேணாம் அக்கா, உனக்கு ரொம்ப நோவுது, நீ எனக்காகப் பாக்காத" என்றாள்.

"வரட்டும்டி. நான் இருக்கேன்" என்றாள் அம்சவேணி.

அவள் அந்தக் கப்பலுக்காக ஐந்து மாதம் இருந்தாள். எப்படி இருந்தாள் என்று எழுத எனக்கு மனசு வரவில்லை. தை பிறந்து பத்தாம் நாள் அந்தப் பையன் பெட்டியோடு வந்து இறங்கி, மூன்று நாள் அம்மாவுக்குத் தன் கையால் கஞ்சி ஊட்டினான், நாலாம் நாள் காலை அவனே அம்சவேணி வீட்டு வாசலில் வந்து நின்று, "பெரியம்மா, அம்மா சரின்னு சொல்லச் சொன்னாங்க" என்று சொல்லிவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதான்.

அன்று மதியம் ஒன்பது கட்டில்களையும் தெருவில் மதிலின் நிழலில் வரிசையாகப் போட்டோம். எல்லோரையும் குளிப்பாட்டி நல்ல துணி உடுத்தியிருந்தார்கள். சவரிமுத்து வேட்டி சட்டையில் ஜெபமாலையோடு வந்து கேமராவுக்குப் பக்கத்தில் நின்றார். நடுவில் ஒரு ஸ்டூலில் பரஞ்சோதி உட்கார்ந்திருந்தார். சொல்ல வேண்டியதையெல்லாம் கட்டில்களில் இருந்தவர்களும் அவர்கள் வீட்டாரும் சொல்லி முடித்திருந்தார்கள். சவரிமுத்து, "சிரிப்பா பரஞ்சோதி" என்றார்.

அவருக்குச் சிரிக்க வரவில்லை. உதட்டை விரித்தார், பல் தெரிந்தது, சத்தம் வரவில்லை. சத்தம் வந்தபோது அது இருமலாக இருந்தது. மீரான் தாடியை மாட்டிக்கொண்டு நாய் மாதிரி ஓடிக் காட்டினான், டூப் நடிகரின் மகன் வேட்டி நழுவ ஓடினான், ஆறு வருஷமாகச் சேர்த்து வைத்திருந்த பகடியையெல்லாம் ஆளுக்கொன்றாகக் கொண்டுவந்து அவர் முன்னால் கொட்டினோம். அவர் கண்ணிலிருந்து தண்ணீர்தான் வந்தது. "மறந்துபோச்சுய்யா" என்றார். "நெசமாவே மறந்துபோச்சு. என்னை மன்னிச்சிருங்க." ஒன்பது கட்டில்களிலும் ஒரு பெருமூச்சு எழுந்து அடங்கியது. அந்த மாதிரி ஒரு சத்தத்தை நான் அதற்குப் பிறகு கேட்டதில்லை.

அப்போது அம்சவேணி என்னைக் கைகாட்டிக் கூப்பிட்டு, "பாடைய எடுத்துட்டு வாப்பா" என்றாள்.

மதில் ஓட்டை வழியாக அந்தப் பழைய பாடையைக் கொண்டுவந்தோம். அவளைத் தூக்கி அதில் கிடத்தச் சொன்னாள். கால் கட்டைவிரல்களைச் சேர்த்துக் கட்டச் சொன்னாள், தாடைக்குத் துணி கட்டச் சொன்னாள், நூற்றுக்கணக்கான ஷாட்டில் பரஞ்சோதி கழுத்தில் கிடந்த பிளாஸ்டிக் மாலையைத் தன் கழுத்தில் போடச் சொன்னாள். பஞ்சை அவளே உருட்டி வைத்துக்கொண்டாள். "அவரை நான் உக்கார்ற எடத்துல உக்காத்துங்க" என்றாள். அது பாடையின் இடது பக்கம், மார்புக்கு நேராக. பரஞ்சோதி போய் உட்கார்ந்தார்.

"அழுங்க" என்றாள் அவள், கண்ணை மூடிக்கொண்டே.

சவரிமுத்து ஆக்ஷன் சொன்னார். பரஞ்சோதி அழுதார். நடிப்பு இல்லை அது, இருபத்தாறு வருஷம் தனக்காக அழுதவளைப் பார்த்து மார்பில் அடித்துக்கொண்டு, "என் அம்சா, என் ராசாத்தி" என்று அழுதார், தெருவே சேர்ந்து அழுதது, வந்த காரியம் என்ன என்பதையே மறந்துவிட்டு நாங்கள் அழுதுகொண்டிருந்தோம். அவள் அசையாமல் கிடந்தாள். மூச்சை அடக்கியிருந்தாள், அவரிடமிருந்து கற்றுக்கொண்டது. பிறகு அவள் மூக்கு லேசாகத் துடித்தது. பரஞ்சோதி அழுகையை நிறுத்திக் குனிந்து பார்த்தார். மூக்கு சுருங்கியது. அவர் இன்னும் குனிந்தார். ஒன்றும் நடக்கவில்லை. அவர் ஏமாந்து போய் மறுபடியும் அழுவதற்கு வாயைத் திறந்தார், அந்த நொடியில், சுண்டிப்போன அந்த உடம்புக்குள் இவ்வளவு பெரிய தும்மல் எங்கே இருந்ததோ, தும்மினாள் பாருங்கள், இரண்டு பஞ்சும் பறந்து வந்து அவர் கன்னத்துக்கு ஒன்றாக ஒட்டிக்கொண்டன.

முதலில் அடி பம்பில் காற்று வருகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது. பிறகு தண்ணீர் வந்துவிட்டது. பரஞ்சோதி சிரித்தார். கன்னத்துப் பஞ்சோடு, மூக்கு ஒழுக, தொடையைத் தட்டி, மூச்சு முட்ட முட்டச் சிரித்தார், அம்சவேணி கண்ணைத் திறந்து அவரைப் பார்த்து, அந்தப் பழைய பன்னிரண்டு டேக் சிரிப்பைச் சிரித்தாள், தெரு சிரித்தது, ஆறு வருஷம் முந்தானையிலும் துண்டிலும் அடைத்து வைத்திருந்த சிரிப்பெல்லாம் உடைத்துக்கொண்டு வந்தது, டூப் நடிகர் சிரித்தார், பேச்சில்லாத அம்மா சிரித்தார், ரெஜினா மகன் கையைப் பிடித்துக்கொண்டு இருமி இருமிச் சிரித்தாள். சிரித்தபடியே ஒவ்வொரு கட்டிலாக அமைதியாயிற்று. எந்த நிமிஷத்தில் யார் போனார்கள் என்று என் நோட்டில் இல்லை. எனக்கே தெரியாது, நானும் சிரித்துக்கொண்டிருந்தேன்.

சத்தம் அடங்கியபோது பரஞ்சோதியின் தோள்கள் நிமிர்ந்திருந்தன. அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு பாடையைப் பார்த்தார். அம்சவேணி கண்ணை மூடி, தாடைக்கட்டோடும் மாலையோடும், பிணமாக நடிப்பவர்கள் கிடப்பது போலவே கிடந்தாள். சவரிமுத்து முப்பத்தாறு வருஷப் பழக்கத்தில், யோசிக்காமலே, கேமராக்காரரிடம், "அந்த அம்மா சிரிப்ப எடுத்துருங்கய்யா" என்று சொல்லிவிட்டு, சொன்ன பிறகு வாயில் கை வைத்துக்கொண்டார். கேமராக்காரர் ஏற்கெனவே லென்ஸை அவள் பக்கம் திருப்பியிருந்தார்.

பரஞ்சோதி தன் கன்னத்திலிருந்த பஞ்சை ஒவ்வொன்றாக எடுத்து உள்ளங்கையில் வைத்துக்கொண்டு அவள் காதருகே குனிந்தார்.

"ஷாட் ஓகே ஆயிடுச்சு அம்சா" என்றார். "எந்திரி. கேமராவப் பாத்து ஒரு தடவ சிரிச்சுடு. சிரிக்காம விடக் கூடாது."

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. கட் சொல்ல வேண்டியவர் சவரிமுத்து, அவர் சொல்லவில்லை.